பாட அழைக்கிறார்கள், தொகுத்து வழங்க?

கானா என்றால் ஆண் குரல் என்றுதான் வட சென்னையில் வெகுகாலம் இருந்தது. சாவு வீட்டில் விடிய விடியப் பாடுவார்கள். கையில் கிடைத்த பாத்திரமும் தீப்பெட்டியும்கூடத் தாளமாகும். பெண்களின் இடம் ஒப்பாரி வைக்கும் பக்கம். அங்கிருந்து எழுந்து வந்து மைக்கைப் பிடித்தவர் இசைவாணி. இயக்குநர் பா. ரஞ்சித்தின் முன்முயற்சியில் உருவான 'தி காஸ்ட்லெஸ் கலெக்டிவ்' 2018 ஜனவரியில் கீழ்ப்பாக்கத்தில் முதன்முதலாக மேடையேறியபோது, 19 பேரில் அவர் ஒருவரே பெண். 2020இல் பிபிசியின் 100 பெண்கள் பட்டியலில் அவர் பெயர் வந்தது.

அடுத்த ஆண்டு விஜய் தொலைக்காட்சி 'பிக் பாஸ்' ஐந்தாவது சீசனுக்கு அவரை அழைத்தது. ஏழு வாரம் இருந்தார். நாடகக் கலைஞர் தாமரைச்செல்வியும் அதே சீசனில் இருந்தார். 'அந்த வீட்டுக்குள் போய் என்ன சாதித்தார்?' என்று நம் தோழர்கள் சிலர் கேட்டார்கள். நமக்கு அதில் உடன்பாடில்லை. கச்சேரி இருந்தால்தான் காசு என்று வாழும் கலைஞருக்கு அந்த ஊதியமும் அறிமுகமும் சின்ன விஷயமா என்ன? நம் தெருவின் பேச்சு, துணைத்தலைப்பு இல்லாமல் தினமும் எல்லா வீட்டுக் கூடத்திலும் கேட்டது.

2024 நவம்பரில் நிலைமை தலைகீழானது. வழிபாட்டு உரிமை மறுப்பைக் கேள்வி கேட்டு ஆறு ஆண்டுகளுக்கு முன் பாடிய பாடலைத் தோண்டியெடுத்துப் போலீஸில் புகார் கொடுத்தார்கள். வசை, ஆபாசம், மிரட்டல் என்று தொடர்ந்தது. நீலம் பண்பாட்டு மையம் அறிக்கை விட்டு அவர் பக்கம் நின்றது. தொலைக்காட்சிக்கு அவர் அன்று ஒரு சர்ச்சைத் தலைப்பு.

அந்தத் தலைப்பை யார் எழுதுகிறார்கள் என்பதுதான் நமது கேள்வி. ஆங்கில, இந்தி ஊடகங்களை ஆராய்ந்து ஆக்ஸ்பாம் இந்தியாவும் நியூஸ்லாண்டரியும் 2019இல் ஓர் அறிக்கை வெளியிட்டன. செய்தி அறைகளின் 121 தலைமைப் பொறுப்புகளில் 106இல் உயர்த்தப்பட்ட சாதியினர். தலித், பழங்குடியினர் ஒருவர்கூட இல்லை. டெல்லியில் ஒரு தலித் பத்திரிகையாளரைத் தேடி அலைந்து, கிடைக்கவில்லை என்று பி.என். உனியால் எழுதியது 1996இல். இருபத்து மூன்று ஆண்டுகளில் இவ்வளவுதான் நகர்ந்திருக்கிறது. தமிழ்ச் சேனல்களும் தங்கள் கணக்கை வெளியிடட்டும். இந்தப் பத்தியை வெளியிடும் நம் நாளிதழும் வெளியிடட்டும். நாம் மட்டும் விதிவிலக்கா?

மார்கழி பிறந்தால் பொங்கல் நிகழ்ச்சிக்குக் கானாவும் பறையும் வேண்டுமென்று சேனல்களிலிருந்து போன் வரும். ஐந்து நிமிடம் பாடவிட்டு, கைதட்டி, வேனில் ஏற்றி அனுப்பிவிடுவார்கள். இந்தப் பொங்கலுக்கும் இசைவாணியைப் பாட அழையுங்கள். நிகழ்ச்சியைத் தொகுத்து வழங்க முடியுமா என்றும் அதே போனில் கேட்டுப் பாருங்கள்.