வல்லரசும் பால்மரமும்

சென்ற ஞாயிற்றுக்கிழமை நாம் ஜொகூரிலிருந்து பாலத்தைக் கடந்து சிங்கப்பூருக்கு வந்து, தேக்காச் சந்தையில் வாங்க வேண்டியவற்றை வாங்கிக்கொண்டு, சிராங்கூன் சாலையில் ஒரு காப்பிக் கடையில் சற்று உட்கார்ந்திருந்தோம். அடுத்த மேசையில் இரு பெரியவர்கள் வாதிட்டுக்கொண்டிருந்தார்கள். ஒருவர் சர்க்கார் உத்தியோகம் பார்த்து ஓய்வு பெற்றவர். மற்றவர் துறைமுகத்தில் மூட்டை சுமந்து முதுகு வளைந்தவர்.

“அண்ணே, 1948இல் தோட்டங்களில் நடந்த கலகமெல்லாம் மாஸ்கோவில் போட்ட திட்டம். நம் சனங்கள் விவரம் தெரியாமல் அதில் மாட்டிக்கொண்டார்கள்” என்றார் முதல்வர்.

“அப்படிச் சொல்லாதீங்க ஐயா. ருஷியா உடையாமல் இருந்திருந்தால் ஏழைக்கு இந்தக் கதி வருமா? இன்றைக்குச் சீனா இருக்கிறது. அதுவாவது கேட்காமல் போகுமா?” என்றார் மற்றவர்.

இருவரும் நேர்மையாகவே பேசினார்கள். ஆயினும் இருவர் கூற்றும் ஒரே மூடநம்பிக்கையின் இரண்டு முகங்கள் என்பதே நம் துணிபு. ஒருவர் தூரத்துத் தெய்வத்துக்கு அஞ்சுகிறார். மற்றவர் அதே தெய்வத்தினிடம் வரம் கேட்கிறார். அத்தெய்வத்துக்கு அத்துணை வலிமை உண்டா என்று இருவரும் விசாரித்தாரில்லை. அந்த விசாரணையை நாம் இங்குச் செய்ய எண்ணுகிறோம்.

முதலில் அச்சத்தை எடுத்துக்கொள்வோம். மாஸ்கோவின் கை இந்நகரில் நீளவே இல்லை என்று நாம் சொல்ல வரவில்லை. நீண்டது உண்மை. மலாயாப் பொதுவுடைமைக் கட்சி 1930இல் தோன்றியபோது, அகிலப் பொதுவுடைமைச் சங்கத்தின் பிரதிநிதியாக ஹோ சி மின் உடனிருந்தார். அடுத்த ஆண்டு, 1931 ஜூனில், ஜோசப் டுக்ரூ என்னும் பிரஞ்சுக்காரர் வியாபாரி வேடத்தில் இருந்த நிலையில் சிங்கப்பூர்ப் போலீசாரிடம் பிடிபட்டார். அவரிடம் அகப்பட்ட தடயங்களைக் கொண்டு ஷாங்காயில் இருந்த தூதர்களும் சிறைப்பட, கிழக்காசியா முழுதும் விரித்த வலை சில வாரங்களில் கிழிந்தது. ஒரு மனிதர் பிடிபட்டதும் அறுந்து போகிற கயிறு, ஒரு தேசத்தை இழுத்துச் செல்லும் கயிறாகுமா? அன்றியும், அக்கட்சியின் தலைமைக் காரியதரிசியாய்ப் பல்லாண்டு இருந்த லாய் தெக் என்பவரே பிரிட்டிஷாருக்கும் பின்னர் ஜப்பானியருக்கும் உளவு சொன்னவர். 1947இல் கட்சிப் பணத்தோடு மறைந்தவர். எல்லாவற்றையும் மாஸ்கோ ஆட்டிவைத்தது என்போர், தன் சொந்தக் கட்சியின் தலைவர் யார் வேலையாள் என்பதைக்கூட அறியாத அந்த மாஸ்கோவைப் பற்றிச் சற்றே யோசிப்பாராக.

நிற்க. தோட்டத்தில் தீ எங்கிருந்து வந்தது? 1941இல் கிள்ளான் வட்டாரத் தோட்டங்களில் நம்மவர் வேலைநிறுத்தம் செய்தார்கள். அவர்களுக்கு வழிகாட்டியவருள் ஒருவர் ‘தமிழ் நேசன்’ பத்திரிகையில் பணி செய்த ஆர். எச். நாதன். அவர்கள் கேட்டது என்ன? சீனத் தொழிலாளிக்குக் கொடுக்கும் கூலியை எமக்கும் கொடு என்றார்கள். கள்ளுக்கடையை மூடு என்றார்கள். துரை எதிரே வந்தால் சைக்கிளைவிட்டு இறங்கி நிற்க வேண்டுமென்ற வழக்கத்தை ஒழி என்றார்கள். நாதனைப் பிடித்து நாடு கடத்தினார்கள், பட்டாளம் வந்தது, உயிர்ப்பலியும் நேர்ந்தது. தோழர்களே, சைக்கிளைவிட்டு இறங்கும்போது ஒரு மனிதனுக்கு உண்டாகும் வெட்கத்தை அறிவிக்க மார்க்ஸின் நூல் வேண்டுமா, மாஸ்கோவின் கட்டளை வேண்டுமா?

இந்தக் கேள்விக்கு நாமே பதில் சொல்லக் கடமைப்பட்டவர்கள். ஏனெனில் நாம் தோட்டத்துக் கிராணி. ஆங்கிலப் பள்ளியில் படித்தவர். துரைக்கும் பால்வெட்டுக்காரனுக்கும் நடுவே கிடந்த மேசை நம் முன்னோரான கிராணிமாரின் மேசை. ஆங்கிலப் பத்திரிகையைப் படித்துவிட்டு, “சங்கம் என்றால் கம்யூனிஸ்டு, ஜாக்கிரதை” என்று லயத்துக்குப் போய்ச் சொன்னவர்கள் அவர்களே. அந்த அச்சம் பேரன் காலத்திலும் தீர்ந்தபாடில்லை. நம் தோட்டத்தில் சில மாதங்களுக்கு முன் ஓர் இளைஞர் சங்க விண்ணப்பத்தில் கையெழுத்திடப் போனபோது, அவருடைய பாட்டி காகிதத்தைப் பிடுங்கிக்கொண்டு அழுத காட்சியை நாம் கண்ணாரக் கண்டோம். ஒரு வல்லரசைப் பற்றிய பொய்க்கணக்கு இன்றும் ஒரு குடும்பத்தின் கூலியைத் தின்கிறது என்பதாலேயே இதை எழுதுகிறோம்.

1948 ஜூனில் சுங்கை சிப்புட் வட்டாரத்தில் வெள்ளைக்காரத் தோட்டத்தார் மூவர் சுட்டுக் கொல்லப்பட்டனர். அம்மாதம் 18ஆம் தேதி மலாயாவிலும் 24ஆம் தேதி சிங்கப்பூரிலும் அவசரகாலம் பிரகடனமாயிற்று. அவ்வாண்டு கல்கத்தாவில் கூடிய இளைஞர் மாநாட்டின் வழியாக மாஸ்கோ கட்டளை அனுப்பிற்று என்று அன்று முதல் சொல்லிவருகிறார்கள். கட்டளை வந்ததென்றே வைத்துக்கொள்வோம். ஆயுதம் வந்ததா? காட்டிலிருந்தோர் கையில் இருந்தவை ஜப்பானியரை எதிர்க்கப் பிரிட்டிஷார் ஆகாயத்திலிருந்து போட்ட துப்பாக்கிகளும் போரில் கைப்பற்றியவையுமே. கடல் கடந்து ஒரு கப்பல் ஆயுதமும் வரவில்லை.

அகில மலாயாத் தொழிற்சங்கச் சம்மேளனத்தின் தலைவராயிருந்த எஸ். ஏ. கணபதி, துப்பாக்கி வைத்திருந்த குற்றத்துக்காக 1949 மே 4ஆம் தேதி புடு சிறையில் தூக்கிலிடப்பட்டார். அவரோடு சங்கப் பணியில் நின்ற வீரசேனன் அதற்கு முந்தின நாள் சுடப்பட்டு மாண்டார். கணபதிக்காக இந்திய சர்க்கார் மன்றாடிற்று, பலிக்கவில்லை. தோட்டத்திலோ இருபுறமும் அடி. காட்டார் பால்மரங்களை வெட்டிச் சிதைத்தனர். காட்டிக்கொடுத்தான் என்று கங்காணியையும் தொழிலாளியையும் கொன்றனர். சர்க்கார் சந்தேகத்தின்பேரில் சிறையிட்டது, கப்பலேற்றிற்று, ஏறத்தாழ 5 லட்சம் பேரை, பெரும்பாலும் சீனக் குடியானவரை, முள்வேலிக்குள் புதுக்கிராமங்களில் அடைத்தது. இவ்வளவும் நடக்கையில் மலாயாவின் ரப்பரை மிகுதியாக வாங்கிய நாடுகளுள் சோவியத்து நாடும் ஒன்று. சிதைத்த மரம் யாருடையதாயினும், சிதையாத மரத்தின் பால் மாஸ்கோவுக்கும் வேண்டியிருந்தது. இதை நாம் குற்றமாகச் சொல்லவில்லை. எந்த நாடும் தன் தேவையைத்தான் பார்க்கும். ஆனால் அதை இரட்சகன் என்று கும்பிடுவதுதான் தவறு.

இனி, நம்பிக்கை வைப்போரிடம் வருவோம். பிற்காலத்தில் மாஸ்கோ இந்நகரில் என்ன செய்தது? 1968இல் சிங்கப்பூரோடு தூதுறவு கொண்டது. 1971இல் மாஸ்கோ நரோத்னி வங்கி இங்கே கிளை திறந்தது. முதலாளித்துவத்தைப் புதைக்க வந்ததாகச் சொன்ன தேசம், முதலாளிக்குக் கடன் கொடுத்து வட்டி வாங்க உட்கார்ந்தது!

சீனாவின் கதையும் வேறன்று. 1969இல் ‘மலாயாப் புரட்சிக் குரல்’ என்னும் வானொலி சீனாவின் ஹுனான் மாகாணத்திலிருந்து பேசத் தொடங்கிற்று. மலாய், சீன மொழிகளோடு தமிழிலும் அது பேசியது. ஆனால் 1974 மே மாதம் துன் அப்துல் ரசாக் பீக்கிங் சென்று சூ என்லாயோடு உறவு ஒப்பந்தம் செய்தார். 1978 நவம்பரில் டெங் சியாவ்பிங் சிங்கப்பூர் வந்தபோது, இவ்வொலிபரப்பு இருக்கும்வரை அண்டை நாடுகள் சீனாவை நம்பமாட்டா என்று லீ குவான் இயூ எடுத்துச் சொன்னார். 1981 ஜூனில் அந்தக் குரல் அடங்கிற்று. அதை அடக்கச் சொன்னது பிரிட்டிஷார் அல்லர், பீக்கிங்கே. காட்டில் எஞ்சியிருந்தோர் 1989 டிசம்பர் 2ஆம் தேதி ஹாட்யாயில் சமாதானக் கையெழுத்திட்டனர். ஆற்றைக் கடக்கும்வரை அண்ணன் தம்பி என்னும் பழமொழிக்கு இதைவிட வேறு உரை வேண்டுவதில்லை.

மலைநாட்டுச் சகோதரர்கள் நிறைந்த இலங்கையைப் பாருங்கள். 1948ஆம் ஆண்டுக் குடியுரிமைச் சட்டம் தோட்டத் தமிழரை நாடற்றவராக்கிற்று. 1952இல் சீனா இலங்கையோடு ரப்பருக்கு அரிசி என்ற ஒப்பந்தம் செய்தது. அந்த ரப்பரில் தமிழர் வெட்டிய பாலும் உண்டு. பால் சீனாவுக்குப் போயிற்று. அரிசி கொழும்புக்கு வந்தது. வெட்டியவனுக்குக் குடியுரிமை மட்டும் வரவில்லை. 1971 ஏப்ரலில் சிங்கள இளைஞர் மார்க்ஸின் பேரால் கிளர்ந்தபோது, சீனா ஆட்சிக்கு ஆதரவும் கடனும் அளித்தது. சோவியத்து நாடு அதே ஆட்சிக்கு விமானம் கொடுத்தது. கிளர்ந்த இளைஞரோ, தோட்டத் தமிழரை இந்திய ஆதிக்கத்தின் கருவிகளென்று தம் பாடத்தில் எழுதிவைத்தனர். மூன்று செங்கொடிகள் இருந்தும் லயத்துக்கு ஒரு நிழலும் இல்லை.

தாய்நாட்டில்? 1931இல் ‘குடி அரசு’ பொதுவுடைமை அறிக்கையைத் தமிழில் தந்தது. 1932இல் பெரியார் ருஷியாவைக் கண்டு வந்தார். பின்னர் பிலாயில் உருக்காலையும் நெய்வேலியில் மின்நிலையமும் ருஷிய உதவியால் எழுந்தன. மாஸ்கோவில் அச்சான தமிழ்ப் புத்தகங்கள் மலிவு விலையில் வந்து பல ஏழைப் பிள்ளைகளின் கண்ணைத் திறந்தன. இந்த நன்றியை நாம் மறுப்பவரல்லோம். ஆனால் அரசியலில் என்ன நடந்தது? 1952 தேர்தலில் சென்னை ராஜ்யத்தில் 62 இடங்களைப் பிடித்த கட்சி, பின்னர் அந்த உயரத்தை எட்டவேயில்லை. 1955 ஆந்திரத் தேர்தலின்போது மாஸ்கோவின் ‘பிராவ்தா’ நேருவைப் புகழ்ந்தெழுத, அதையே காங்கிரசார் பொதுவுடைமையருக்கு எதிராக ஊரெங்கும் காட்டினர். தமிழ்நாட்டின் ஏழையோ, தன் மொழியையும் மானத்தையும் தன் பேச்சிலேயே பேசியவர் பக்கம் சென்று, 1967இல் அவர்களை ஆட்சியில் அமர்த்தினான்.

“வியட்நாம் வெல்லவில்லையா?” என்று கேட்கலாம். வென்றது, ருஷிய, சீன ஆயுதங்களும் உதவின. ஆனால் அங்கே போராடியவர் அம்மண்ணின் பெரும்பான்மை மக்கள். போராடியது தம் தேச விடுதலைக்கு. ஆயுதம் அந்த உறுதிக்குத் துணையாயிற்று. உறுதியை அது படைக்கவில்லை. அவ்வுறுதி எதிர்ப்புறம் இருந்தபோது என்னவாயிற்று? 1979இல் சோவியத்துப் படையே ஆப்கானிஸ்தானத்துக்குள் புகுந்தும், 1989இல் திரும்ப வேண்டியதாயிற்று. 1991இல் அந்தச் சோவியத்து நாடே கலைந்தது.

ஆகவே நாம் காணும் முடிவு இது. வல்லரசு விதையைத் தரலாம். மண்ணைத் தர இயலாது. அதன் சொந்த வியாபாரம் தொடங்கும் இடத்தில் அதன் சகோதரத்துவம் முடிகிறது. மாஸ்கோவுக்கு நேர்ந்த இந்த எல்லை இன்று பீக்கிங்குக்கும் உண்டு, வாஷிங்டனுக்கும் உண்டு. சிங்கப்பூரின் மிகப் பெரிய வர்த்தகக் கூட்டாளியாகச் சீனா இன்று இருப்பது சிராங்கூன் சாலைக் கடையில் பாத்திரம் கழுவும் தமிழனுக்கு ஒரு நாள் விடுமுறையைக் கூட்டித் தந்துவிடாது.

உத்தியோகம் பார்த்த பெரியவருக்கு ஒரு வார்த்தை: கிள்ளானில் கேட்டதும், கணபதியின் சங்கத்தில் சேர்ந்தோர் கேட்டதும் கூலியும் மானமுமே. அவற்றை அந்நியச் சதி என்று எழுதிவைத்தால், கேட்டவன் கணக்கு என்றைக்கும் தீராது. துறைமுகத்துப் பெரியவருக்கு ஒரு வார்த்தை: தாங்கள் சுமந்த மூட்டையை எந்த வல்லரசும் வந்து இறக்கவில்லை, பக்கத்தில் நின்றவர்தான் கைகொடுத்தார்.

அந்தப் பாட்டியிடமும் நாம் போய்ச் சொன்னோம்: “ஆயா, இது மாஸ்கோவின் காகிதமல்ல. இதில் இருப்பது உங்கள் பேரன் பெயர். சந்தா கட்டப்போவதும் அவர்.” பாட்டி உடனே காகிதத்தைத் தந்துவிடவில்லை. இரண்டு நாள் முந்தானையில் முடிந்து வைத்திருந்தார். மூன்றாம் நாள் காலை, பிரட்டுக்குப் புறப்பட்ட பேரனிடம் அதை மடிப்புக் கலையாமல் கொடுத்தார். அந்த இரண்டு நாள் தயக்கத்தைப் போக்குவதே படித்த நம் போன்றோரின் வேலை. அதை நாம் செய்யாவிடில் வேறெந்த நாட்டாரும் வந்து செய்யப்போவதில்லை.