ட்ரைபாட் வைக்க ஒரு புறம்போக்கு

‘சென்னை பொறம்போக்கு பாடல்’ பார்த்தாச்சா மக்கா? 2017 ஜனவரியில யூட்யூப்ல வந்தது. டி.எம்.கிருஷ்ணா பாடினது, ரதீந்திரன் பிரசாத் இயக்கம். பாட்டு வீடியோதான், ஆனா எனக்கு ஆவணப்படமாத்தான் படுது. செட்டே கிடையாது. எண்ணூர் கழிமுகத்துச் சாம்பலும் அனல்மின் நிலையப் புகைபோக்கியும்தான் செட்டு.

திருவள்ளூர் மாவட்டத்துல கும்மிடிப்பூண்டி சிப்காட் பக்கம் கேமராவோட போய்ப் பாருங்க. கம்பெனி கேட்டுக்குள்ள யார் விடுவா? கைக்காசு போட்டுப் படம் எடுக்கிறவனுக்கு ட்ரைபாட் வைக்க மிஞ்சுறது ரோட்டோரம், ஏரிக்கரை, ஓடை. எல்லாமே புறம்போக்கு! அதையும் வளைச்சுப் போட்டுட்டா மீன் பிடிக்கிறவனுக்கு மட்டுமில்ல, அவனைப் படம் பிடிக்கிறவனுக்கும் நிக்க இடமில்லை. (இந்த லட்சணத்துல ‘பொறம்போக்கு’ன்னா நமக்கு வசவு!) கேமரா வச்சிருக்கிற மகராசங்க யாராவது சீக்கிரம் கிளம்புங்கப்பா.