பாவு விரியும் வீதி

ஆரணியில் தறிக்குழியில் கால்களை இறக்கி, நாள் முழுதும் நாடாவின் ஓசையிலேயே ஆயுளைக் கழிக்கும் பட்டு நெசவாளர்க்கு, சூரியோதய வேளையில் வீதியிலே பாவை நீட்டி, இழை இழையாய் நீவி, அறுந்ததை முடிந்து, குடும்பத்தார் அனைவரும் அதன் இருமருங்கும் நடந்து திரியும் அந்தச் சொற்ப நேரமே ஆகாயத்தோடும் காற்றோடும் எஞ்சியுள்ள சம்பந்தம். வெயில் ஏறினால் அதுவும் முடிந்துவிடும். ஜவ்வாது மலையிலிருந்து இறங்கிவரும் கமண்டல நாகநதியோ ஊரை ஒட்டியே கிடக்கிறது. பெரும்பாலும் வெறும் மணற்பரப்பாகவே காணப்பட்டாலும், அதன் கரையின் மாலைக் காற்று தேகத்துக்கு ஔஷதம் என்பதில் எனக்குச் சந்தேகமில்லை. இழையையே பார்த்துப் பார்த்துக் களைத்த கண்கள் சற்றுத் தூரத்தையும் பார்க்க வேண்டாமா? நெசவாளச் சகோதரர்களே, அந்தியில் ஒரு நாழிகை தறியை நிறுத்திவிட்டு, குழந்தைகளையும் அழைத்துக்கொண்டு ஆற்றங்கரைக்கு வாருங்கள்.