கள்ளச் சுருதி



கிழக்குத் தாம்பரத்தில், மின்சார ரயில் கடந்து போகும்வரை பதிவை நிறுத்திவைக்கவேண்டிய ஒரு மாடியறையில் நம் வாலிபர்கள் பதிவு செய்த பத்துப் பாடல்களை நீங்கள் கேட்டிருப்பீர்கள். ஒன்பதை மெச்சினீர்கள். பத்தாவதற்காக என்னிடம் முறையிட்டீர்கள். அதில் ஒரு தம்பியின் குரல் இயந்திர மனிதனின் குரல்போல் படிபடியாகத் துள்ளுகிறது. தேவனுடைய ஆலயத்தில் இதற்கு இடமுண்டா என்று ஒரு மூப்பர் கடிதமே எழுதினார். அவருக்குச் சபையறிய மறுமொழி சொல்லுகிறேன்: பத்தாவது பாடலில் எனக்குக் குறையில்லை. என் வழக்கு நீங்கள் மெச்சிய ஒன்பதோடு.

அந்தத் துள்ளல் எப்படி உண்டாகிறது என்பதை அறிந்தால் என் கோபம் விளங்கும். எண்ணெய் தேடும் பணிக்காக நில அதிர்வலைகளை ஆராய்ந்துவந்த ஆண்டி ஹில்டிபிராண்ட் என்பவர் 1997இல் 'ஆட்டோ-டியூன்' என்னும் கணினி நிரலை வெளியிட்டார். பாடுகிறவரின் குரல் எந்தச் சுருதியில் நிற்கிறது என்று அது அளக்கிறது. விலகியிருந்தால் அருகிலுள்ள ஸ்வரத்துக்கு இழுக்கிறது. எத்தனை மில்லிவினாடியில் இழுப்பது என்பதை ஒலிக்கலவை செய்கிறவர் தீர்மானிக்கிறார். மெதுவாக இழுத்தால் ஒருவருக்கும் தெரியாது. பூஜ்யத்தில் வைத்தால் குரல் வழுக்கிச் செல்ல நேரமின்றி ஒரு ஸ்வரத்திலிருந்து மற்றொன்றுக்குக் குதிக்கிறது. 1998இல் ஷேர் என்ற பாடகியின் 'பிலீவ்' பாடலில் உலகம் கேட்டது இதைத்தான். அதைச் செய்தவர்களே முதலில் வேறொரு கருவியின் பெயரைச் சொல்லி மறைத்தார்கள் என்பது வேறு கதை.

நம் தம்பியும் அப்படியே பூஜ்யத்தில் வைத்தான். கேட்கிற எவரும் அதை அவன் தொண்டை என்று எண்ணமாட்டார். புல்லாங்குழலில் துளையிட்டதுபோல், தன் குரலை அவன் ஒரு வாத்தியமாக்கினான். அதில் ஏமாற்று எங்கே இருக்கிறது? மற்ற ஒன்பதில் அதே கருவி ஒளிந்துகொண்டு வேலை செய்தது. ஒருவருக்கும் தெரியாதபடி செய்வதே அங்கு திறமை எனப்பட்டது.

நானும் குற்றவாளியே. மூன்றாம் பாடலில் ஒரு சரணம் நான் பாடினேன். மேல் ஸ்தாயியில் என் குரல் தளர்ந்ததை அந்த அறையிலிருந்த நால்வரும் கேட்டார்கள். வெளிவந்த பதிவில் அது தளரவில்லை. ஆராதனை முடிந்து வாசலில் கைகுலுக்கியவர்கள், "ஐயாவின் குரல் இன்னும் வாலிபக் குரல்" என்றார்கள். நான் நன்றி சொன்னேன். கள்ளத்தராசைக் குறித்துக் கடைக்காரர்களுக்கு எத்தனை முறை பிரசங்கித்திருக்கிறேன்!

ஆனால் நம் பாடகர் குழுவில் நாற்பது ஆண்டுகளாக ஆல்ட்டோ பாடிவந்த ஒரு தாயார், தம்முடைய பதிவைக் கேட்டுவிட்டு, "இது நான் இல்லையே ஐயா" என்றார்கள். அதன் பின்பு பயிற்சிக்கு அவர்கள் வரவில்லை. நம் கண்ணியமான திருத்தம் அவர்களுக்குச் சொன்ன செய்தி ஒன்றே: உங்கள் பெயர் வேண்டும், உங்கள் குரல் வேண்டாம்.

"ஆர்மோனியமும் இயந்திரந்தானே, ஒலிபெருக்கியும் இயந்திரந்தானே?" என்பீர்கள். நல்ல கேள்வி. ஆர்மோனியத்தின் கட்டைகளுக்கிடையே கமகம் பிறக்காது என்ற வாதம் வலுத்து, 1940இல் அகில இந்திய வானொலி அதைத் தடை செய்ததுண்டு. நம் சபைகள் அதைக் கைவிடவில்லை. கைவிடத் தேவையும் இருக்கவில்லை. கட்டை தன் இடத்தில் நின்றது. பாட்டி தோடியின் காந்தாரத்தைத் தன் போக்கில் அசைத்துப் பாடினாள். ஆர்மோனியம் அவள் அருகில் அமர்ந்திருந்ததேயன்றி அவள் தொண்டைக்குள் கைவிடவில்லை. இந்தக் கருவி கைவிடுகிறது. பன்னிரண்டு கட்டங்களை மட்டும் அறிந்த ஒரு கருவியை விரைவாக இழுக்கும்படி வைத்தால், அசைவே ராகமாயிருக்கும் இடத்தை அது பிழை என்று எண்ணித் திருத்திவிடும்.

இந்தப் பன்னிரண்டைப்பற்றி நம்மவர் ஒருவர் ஆயுளைச் செலவிட்டு ஆராய்ந்திருக்கிறார். தஞ்சாவூர் ஆபிரகாம் பண்டிதர் கிறிஸ்தவர், சித்த மருத்துவர், கீர்த்தனைகள் இயற்றியவர். 1917இல் வெளியான 'கருணாமிர்த சாகரம்' என்னும் பெருநூலில், சுருதி 22 என்ற கொள்கையை மறுத்து 24 என வாதாடினார். ஸ்தாயியைச் சமமாகப் பகுக்கலாம் என்றவர் அவர். ஆகையால் கணினியின் கட்டங்களை முற்றிலும் வெறுத்திருப்பார் என்று நான் சொல்லத் துணியேன். ஆனால் அவர் பன்னிரண்டோடு நிற்கவில்லை. 1916இல் பரோடாவில் கூடிய சங்கீத மாநாட்டில் தம் கணக்கை நிரூபிக்க அவர் காகிதத்தை மட்டும் நம்பவுமில்லை. தம் புதல்வியரைக் கொண்டு இசைத்துக் காட்டினார். கணக்குக்குச் சாட்சி மனிதர் எழுப்பிய இசை. நாமோ மனிதக் குரலுக்குக் கணக்கைச் சாட்சியாக்குகிறோம்.

இப்போது ஞாயிறு ஆராதனையின் ஒலிவாங்கிகளுக்கும் நேரலையிலேயே சுருதி திருத்தும் கருவி வாங்கவேண்டும் என்ற விண்ணப்பம் சபைக் குழுவின் முன் வந்திருக்கிறது. நான் அதை எதிர்க்கிறேன். மேடையில் ஆறுபேர் பிழையின்றி ஒலிக்க, கீழே இருநூறுபேர் தங்கள் குரலுக்கு வெட்கி வாய்மூடி நிற்கும் ஆராதனை எனக்கு வேண்டாம். பின்வரிசையில் உரத்துப் பாடும் அந்தப் பெரியவர் சுருதி சேரமாட்டார். அவர் பாடுவதால்தான் அவருக்கு முன்னுள்ள இரண்டு வரிசைகளும் துணிந்து பாடுகின்றன.

அந்தப் பணத்தில் ஒரு நல்ல சங்கீத ஆசிரியரை ஓராண்டுக்கு அமர்த்துங்கள். வாலிபர்களே, பூஜ்யத்தில் வைத்து நீங்கள் விளையாடுவதை நான் தடுக்கவில்லை. இன்னும் துணிந்து விளையாடுங்கள், அட்டையில் அதை எழுதியும் போடுங்கள். மூன்றாம் பாடலில் என் சரணத்தை மட்டும் திருத்தாத பதிவாக மாற்றித் தாருங்கள்.

வியாழன் மாலை 6 மணிக்குக் கிறிஸ்து பிறப்பின் கீதப் பயிற்சி தொடங்குகிறது. அதற்குமுன், புதனன்று, அந்தத் தாயாரை அழைத்துவர நானே அவர்கள் வீட்டுக்குப் போகிறேன். ஆல்ட்டோ வரிசையில் இருந்து இன்னும் இருவர் என்னுடன் வந்தால் நலமாயிருக்கும்.