கேக் தின்னா மூளை கலங்குமாம்!

போதை உலகம் தெரியாத அப்பாவிகளை வச்சுக் காமெடி பண்றது கொடுமைன்னு நேத்து நண்பர் ஒருத்தர் ஒரே அட்வைஸ் மழை. உதாரணத்துக்கு அவர் இழுத்தது 1997ல் இங்கிலாந்தில் சேனல் 4 ஒளிபரப்பிய 'பிராஸ் ஐ'. அங்கதான் எனக்கு சுர்ருன்னு ஏறுச்சு.

தெரியாதவங்களுக்காக: கிறிஸ் மோரிஸ்னு ஒரு வில்லங்கமான ஆசாமி. 'கேக்'னு இல்லவே இல்லாத ஒரு போதை மருந்தைக் கிளப்பிவிட்டார். அது மூளையில 'ஷாட்னர்ஸ் பஸ்ஸூன்'ங்கற பகுதியைத் தாக்கி, நேரத்தைப் பத்தின உணர்வையே குழப்பிடுமாம். ஷாட்னர் 'ஸ்டார் ட்ரெக்' நடிகர். பஸ்ஸூன் ஒரு ஊதுவாத்தியம். நம்ம பாஷையில சொன்னா, மூளைக்குள்ள 'சிவாஜியின் நாதஸ்வரம்'!

டிவி புகழ் நோயல் எட்மண்ட்ஸ், நகைச்சுவை நடிகர் பெர்னார்ட் மேனிங்னு பெரிய மனுஷங்க எல்லாம் மூஞ்சிய சீரியஸா வச்சுக்கிட்டு கேமரா முன்னாடி எச்சரிச்சாங்க. டேவிட் ஏமஸ்னு ஒரு எம்.பி. ஒரு படி மேல போய், நிகழ்ச்சி வர்றதுக்கு முன்னாடியே, 1996ல் பார்லிமெண்ட்லயே கேள்வி கேட்டுட்டார். அமைச்சரும் சிரிக்காம பதில் கொடுத்தார்!

இவங்களா அப்பாவி? தெரியாததைத் தெரியாதுன்னு சொல்றவன்தானய்யா அப்பாவி. இவங்க, கையில கொடுத்த காகிதத்தை அப்படியே ஒப்பிச்சவங்க. ஒரே ஒரு டாக்டருக்கு போன் போட்டிருந்தா குட்டு உடைஞ்சிருக்கும். அறியாமையைப் பார்த்து இங்க யாரும் சிரிக்கலை. அறியாமை நாற்காலி போட்டு உக்காந்து உபதேசம் பண்ணுச்சே, அதைப் பார்த்துத்தான் சிரிப்பு.

"நல்ல எண்ணத்துல தானே பேசினாங்க?"ங்கறார் நண்பர். 1995ல் அதே நாட்டில் எக்ஸ்டசி மாத்திரை போட்ட 18 வயசுப் பெண் இறந்துபோனா. மாத்திரை போட்ட பிறகு அளவுக்கு மீறிக் குடிச்ச தண்ணியால மூளை வீங்கினதுதான் உயிரைக் குடிச்சது. அந்த வயசுப் புள்ளைங்களுக்குத் தேவை இந்த மாதிரி சரியான தகவல். "புலி வருது"ன்னு பெரியவங்க உளறினா, நிஜப் புலி வர்றப்போ எந்தப் புள்ள காது கொடுக்கும்? நல்ல எண்ணம் மட்டும் உயிரைக் காப்பாத்தாது சாமி.

ஏமஸ் 2021ல் கத்தியால் குத்திக் கொல்லப்பட்டார். யாருக்கும் வரக்கூடாத முடிவு. அதுக்காக அந்தக் கேள்வி சரின்னு ஆயிடாது.

நண்பரே, அப்பாவிகளைக் கிண்டல் பண்ணா நானும் உங்க கட்சிதான். விசாரிக்காம மைக் பிடிக்கறவங்களை மட்டும் விட்டுக்கொடுக்கச் சொல்லாதீங்க.