ரீவேல்யுவேஷன்ல பாஸான ஆல்பம்!



செமஸ்டர் ரிசல்ட் வந்த அன்னிக்கு கேம்பஸ்ல அதிகமா காதுல விழற டயலாக் எது? 'மச்சி, ரீவேல்யுவேஷன் போட்டுட்டியா?' தானே! பேப்பர் அதேதான். எழுதின பதிலும் அதேதான். ஆனா, திருத்துற பேனா மாறினா சில சமயம் மார்க்கும் மாறிடுது. ராக் மியூஸிக் சரித்திரத்துலயும் அப்படி ஒரு பேப்பர் இருக்கு. முதல் தடவை திருத்தினவங்க சிவப்பு மையால சுழிச்சுத் தள்ளிட்டாங்க. இன்னிக்கு ஹெவி மெட்டல் கத்துக்கிற பசங்களுக்கு அதுதான் அரிச்சுவடி.

ஆல்பத்தோட பேர் 'பிளாக் சபாத்'. பேண்டோட பேரும் அதுவேதான். இங்கிலாந்துல அது வெளியான நாள் 1970, பிப்ரவரி 13. என்ன கிழமை தெரியுமா? வெள்ளி! அந்த ஊர்ல 13-ம் தேதியும் வெள்ளிக்கிழமையும் சேர்ந்து வந்தா, நம்ம வீட்டுப் பெரியவங்களுக்கு அஷ்டமியும் ராகு காலமும் சேர்ந்து வந்த மாதிரி. தைரியமா அன்னிக்கே ரிலீஸ் பண்ணினாங்க.

யார் இந்தப் பசங்க? பர்மிங்ஹாம் நகரத்துல ஆஸ்டன்னு ஒரு ஏரியா. உலகப் போர்ல குண்டு விழுந்த இடம், சுத்தி ஃபேக்டரிகள், தொழிலாளர் குடும்பங்கள். அங்கே வளர்ந்த நாலு பேர். கிட்டார் டோனி அயோமி, பேஸ் கிட்டார் கீஸர் பட்லர், டிரம்ஸ் பில் வார்ட், பாட்டு ஓஸி ஆஸ்போர்ன். ஓஸி 15 வயசுலயே ஸ்கூலை விட்டவர். ஆடு மாடு வெட்டுற கூடத்துல எல்லாம் வேலை பார்த்தவர். சின்னத் திருட்டுக்காக ஆறு வாரம் ஜெயில்லயும் இருந்தவர். எந்த மியூஸிக் காலேஜும் அப்ளிகேஷன் கொடுத்திருக்காது!

இதுல அயோமி கதைதான் ஹைலைட். அவருக்கு 17 வயசு. தகடு அடிக்கிற ஃபேக்டரியில வேலை. முழு நேரமா மியூஸிக்ல இறங்கலாம்னு வேலையை விட்டாச்சு. அன்னிக்குத்தான் கடைசி நாள். மத்தியானம் சாப்பிட வீட்டுக்கு வந்தவர், 'இனிமே எதுக்குப் போகணும்?'னு உட்கார்ந்துட்டார். 'எடுத்த வேலையை ஒழுங்கா முடிச்சுட்டு வா'னு அனுப்பி வெச்சாங்க அம்மா. போனார். பழக்கமில்லாத மெஷின்ல நிறுத்தினாங்க. வலது கையில நடு விரல், மோதிர விரல் ரெண்டோட நுனியும் போயிடுச்சு.

அயோமி இடது கைப் பழக்கம் உள்ளவர். கிட்டார் கம்பியை அழுத்துற கை அவருக்கு வலது கைதான். யோசிச்சுப் பாருங்க, அடுத்து கிட்டாரே வாழ்க்கைனு முடிவு பண்ணின நாள்ல அந்த ரெண்டு விரல்!

டாக்டர்கள் கையை விரிச்சுட்டாங்க. அப்போ அந்த ஃபேக்டரி மேலதிகாரி ஒரு ரெக்கார்டைக் கொண்டுவந்து 'இதைக் கேளு'ன்னார். கேட்டதுக்கு அப்புறம்தான், 'வாசிக்கிறவருக்கு இடது கையில ரெண்டு விரல் சரியா வேலை செய்யாது'னு விஷயத்தைச் சொன்னார். வாசிச்சவர் ஜாங்கோ ரைன்ஹார்ட். 1928-ல் தீ விபத்துல கை கருகிய ஜாஸ் மேதை. அயோமி எழுந்து உட்கார்ந்தார். பாத்திரம் கழுவுற லிக்விட் வர்ற பிளாஸ்டிக் பாட்டிலை உருக்கி விரலுக்குத் தொப்பி செஞ்சார். மேலே பழைய தோல் ஜாக்கெட்டுல வெட்டின துண்டை ஒட்டினார். கிட்டார் கம்பி கனமா இருந்தா அழுத்த முடியலை. அதனால மெல்லிசான பேன்ஜோ கம்பியைக் கட்டிப் பார்த்தார். எல்லா விரலையும் ஓட விட முடியாததால, ரெண்டே சுரத்தை அழுத்திப் பெரிய சத்தம் வர வைக்கிற வழியைத் தேடினார். நாம இன்னிக்கு 'ஹெவி'னு சொல்ற சத்தத்துக்கு இந்தக் காயமும் ஒரு காரணம்.

சரி, ஆல்பத்துக்கு வருவோம். 1969 அக்டோபர். லண்டன்ல ரீஜென்ட் சவுண்ட் ஸ்டூடியோ. தயாரிப்பாளர் ரோஜர் பெய்ன். ரெக்கார்டிங்குக்குக் கிடைச்சது எவ்வளவு நாள்? ஒரே ஒரு நாள்! மேடையில வாசிக்கிற மாதிரியே எல்லாரும் சேர்ந்து வாசிச்சாங்க, ஓஸி பக்கத்துல தனியா நின்னு பாடினார், கிளம்பிட்டாங்க. நம்ம ரெக்கார்ட் நோட்டு மாதிரி கடைசி ராத்திரியில முடிச்ச வேலைனு நினைச்சுடாதீங்க. கிளப் கிளப்பா வாசிச்சு பாட்டெல்லாம் ஏற்கெனவே விரல்ல ஊறிப்போயிருந்தது. அதனாலதான் ஒரு நாள் போதுமானதா இருந்தது.

முதல் பாட்டைப் போட்டதும் மழைச் சத்தம், இடி, தூரத்துல சர்ச் மணி. அப்புறம் கிட்டார். மொத்தமே மூணு சுரம். அதுல ரெண்டு சுரத்துக்கு நடுவுல இருக்கிற இடைவெளிக்கு மேற்கத்திய இசையில 'பிசாசு இடைவெளி'னே பட்டப்பேர் உண்டு. நம்ம கணக்குல 'ஸ'வுக்கும் பிரதி மத்யமத்துக்கும் உள்ள தூரம். நமக்கு அது கல்யாணியில தினமும் கேட்கிற உறவுதான். ஆனா, அயோமி அதை அவ்வளவு மெதுவா, அவ்வளவு கனமா இழுக்கும்போது ரூம்ல யாரோ வந்து நிக்கிற மாதிரி இருக்கும்.

இப்போ ரிசல்ட்!

ஜனங்க காசு கொடுத்து வாங்கினாங்க. இங்கிலாந்து லிஸ்ட்ல 8-வது இடம். அமெரிக்காவுல 23-வது இடம். அங்கே ஒரு வருஷத்துக்கு மேல லிஸ்ட்லயே உட்கார்ந்திருந்தது. விமர்சகர்கள்? கிழி கிழினு கிழிச்சாங்க. 'ரோலிங் ஸ்டோன்' பத்திரிகையில லெஸ்டர் பேங்ஸ், இது 'க்ரீம்' பேண்டோட மட்டமான காப்பிங்கிற ரேஞ்சுக்கு எழுதினார்.

அவர் சொன்னது முழுக்கத் தப்பா? இல்லை, அதையும் சொல்லிடணும். க்ரீம் மாதிரி புளூஸ் ராக் பேண்டுகளைக் கேட்டு வளர்ந்தவங்கதான் இவங்க. ஆல்பத்தோட கடைசியில வர்ற 'வார்னிங்' பாட்டுல கிட்டார் போய்க்கிட்டே இருக்கும், நம்ம பொறுமையும் கூடவே போகும். அதுவும் சொந்தப் பாட்டு கிடையாது, வேற பேண்டோடது. ஆனா, விமர்சகர்கள் கையில இருந்தது பழைய ஆன்ஸர் கீ. க்ரீமோட வேகம், சாமர்த்தியத்தை வெச்சு மார்க் போட்டாங்க. இந்தப் பசங்க எழுதினது வேற கேள்விக்கான பதில். பூவும் அமைதியும் பாடிக்கிட்டிருந்த காலத்துல, ஷிஃப்ட் சைரன் கேட்டு வளர்ந்தவனோட பயமும் இருட்டும் எப்படி ஒலிக்கும்ங்கிற கேள்வி அது.

எனக்கு இந்தக் கதையில ரொம்பப் பிடிச்ச ஆள் யார் தெரியுமா? அதே லெஸ்டர் பேங்ஸ்தான்! 1972-ல் வேற ஒரு பத்திரிகையில இதே பேண்டைப் பத்தி நீளமா எழுதினார். (அந்தப் பத்திரிகையோட பேரும் 'க்ரீம்'தான். எழுத்து மட்டும் வேற!) இந்தத் தடவை இவங்க பாட்டுல இருக்கிற விஷயத்தை, கவலையை, நியாயத்தை மதிச்சு எழுதினார். ஃபெயில் போட்ட அதே ஆளே உட்கார்ந்து மறுபடி திருத்தினார். பத்திரிகையும் லேசுப்பட்டதில்லை. 2017-ல் 'ரோலிங் ஸ்டோன்' போட்ட 100 சிறந்த மெட்டல் ஆல்பங்கள் லிஸ்ட்ல இந்த ஆல்பம் முதல் ஐந்துக்குள்ள இருந்தது. முதலிடம் யாருக்கு? இவங்களோட ரெண்டாவது ஆல்பம் 'பாரனாய்ட்'!

2025, ஜூலை 5. அதே ஆஸ்டன்ல இருக்கிற வில்லா பார்க் ஸ்டேடியம். நாலு பேரும் 20 வருஷத்துக்கு அப்புறம் ஒண்ணா மேடையேறினாங்க. மெட்டாலிகா, கன்ஸ் அண்ட் ரோஸஸ் எல்லாம் இவங்களுக்கு முன்னால வாசிச்சுட்டு வழிவிட்டு நின்னாங்க. பார்க்கின்சன் நோயால நிக்க முடியாத ஓஸி, நாற்காலியில உட்கார்ந்தே பாடினார். ஜூலை 22-ல் இறந்துட்டார். வயசு 76.

ஃப்ரெண்ட்ஸ், கல்ச்சுரல்ஸ்ல உங்க டீம் முதல் ரவுண்டுலயே வெளியே வந்திருக்கலாம். ஜட்ஜ் சொன்னதுல உண்மை இருந்தா எடுத்துக்குங்க. 'வார்னிங்'கைக் கொஞ்சம் வெட்டியிருக்கலாம்தான்! ஆனா, அவர் கையில எந்த ஆன்ஸர் கீ இருந்ததுனும் பாருங்க. அடுத்த வருஷம் நீங்களே ஜட்ஜ் நாற்காலியில உட்கார்ந்தா, புரியாத ஒண்ணு மேடைக்கு வரும்போது உடனே ஜீரோ போட்டுடாதீங்க. லெஸ்டர் பேங்ஸை நினைச்சுக்கிட்டு இன்னொரு தடவை கேளுங்க.

இந்த வார ஹோம்வொர்க் ஈஸி. ராத்திரி, லைட்டை அணைச்சுட்டு, ஹெட்போன்ல அந்த முதல் பாட்டு. ரூம்மேட் அலறினா கம்பெனி பொறுப்பாகாது!