யூசுப்: ஒரு பெயரும் அதன் இரு பொருளும்

யூசுப் என்ற பெயருக்கு என்ன பொருள் என்று எங்கள் பக்கத்தில் கேட்டால், அநேகமானோர் “அழகன்” என்றுதான் சொல்வார்கள். யூசுப் நபியின் அழகு அவ்வளவு பேர்போனது. கையில் கத்தி பிடித்திருந்த எகிப்தியப் பெண்கள் அவரைக் கண்டதும் தம்மை மறந்து தங்கள் கைகளையே வெட்டிக்கொண்டார்கள் என்று குர்ஆன் சொல்கிறது. ஆனால் அழகு அவருக்கு வாய்த்த புகழ். பெயரின் பொருள் வேறு.

இம்மாதம் இந்தப் பெயரை எடுத்துக்கொண்டதற்குக் காரணம் எங்கள் தையல் குழுவுக்கு வரும் மூதூர்ச் சகோதரி ஒருவர். மகளுக்கு ஆண்பிள்ளை பிறந்து, ஏழாம் நாள் முடி இறக்கி, யூசுப் என்று பெயர் வைத்திருக்கிறார்கள். “எங்கட காக்காட பேருதான் அக்கா. பொருளக் கேட்டா ஆளுக்கு ஒண்டு சொல்றாங்க. நீங்க ஒருக்கா பாத்து எழுதுங்க” என்றார். நான் லிங்கநகரில் இருக்கும் சைவக்காரி. ஊர்ப் பெயரிலேயே லிங்கம் இருக்கிறது. ஆனபடியால் குர்ஆனையும் வேதாகமத்தையும் தமிழில் வாசித்து, தெரிந்தவர்களிடம் கேட்டுத்தான் இதை எழுதுகிறேன்.

யூசுப் அரபு நாட்டிலிருந்து வந்த பெயர் என்று நினைக்கிறோம். ஆனால் அரபு இலக்கணகாரரே அதை வேற்றுமொழிப் பெயராகத்தான் கணக்கெடுத்திருக்கிறார்கள். இப்ராஹீம், இஸ்மாயீல், யஃகூப், யூசுப் ஆகிய பெயர்கள், சாதாரண அரபுப் பெயர்ச்சொற்கள் இறுதியில் ஏற்கும் ஓசையை ஏற்பதில்லை. வெளியிலிருந்து வந்தவை என்பதற்கு அதுவே அடையாளம். இது எபிரேய மொழிப் பெயர். “யோசேப்” என்றால் “அவர் கூட்டித் தருவாராக” என்று பொருள். அவர் என்றது இறைவனை.

பெயர் வைத்தவள் தாய். வேதாகமத்தின் ஆதியாகமத்தில் அந்த இடம் வருகிறது. ராகேல் பிள்ளையில்லாமல் நெடுங்காலம் இருந்தவள். அதே வீட்டில் அவளுடைய தமக்கை லேயாள் பிள்ளைமேல் பிள்ளை பெற்றுக்கொண்டிருந்தாள். கடைசியில் ராகேலுக்கும் ஒரு மகன் பிறந்தபோது அவள் இரண்டு வசனம் சொல்கிறாள். கடவுள் என் அவமானத்தை எடுத்துப்போட்டார் என்பது ஒன்று. இன்னும் ஒரு மகனைக் கூட்டித் தரவேண்டும் என்பது மற்றது. எபிரேயத்தில் “எடுத்துப்போட்டார்” என்பதற்கு அவள் சொல்லும் சொல் “ஆசாப்”. “கூட்டித் தருவாராக” என்பதற்குச் சொல் “யோசேப்”. இரண்டும் காதுக்கு ஒன்றுபோலவே ஒலிக்கும். எடுப்பதையும் கொடுப்பதையும் சேர்த்து நினைத்துத்தான் அந்தத் தாய் பெயர் வைத்தாள்.

அரபுக்கு வந்தபோது பெயருக்கு இன்னொரு நிழலும் சேர்ந்தது. அரபில் “அஸஃப்” என்றால் துக்கம், மனவேதனை. மகனை இழந்த யஃகூப் நபி புலம்பும் இடத்தில் குர்ஆன் இந்தச் சொல்லையும் யூசுப் என்ற பெயரையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்திருக்கிறது. அரபு தெரிந்தவர்கள் ஓதும்போது இரண்டு சொற்களும் ஒன்றையொன்று தொட்டுக்கொண்டு போவது கேட்கும் என்கிறார்கள்.

எங்கள் திருகோணமலையில் இந்தப் பெயர் ஒரு சமூகத்துக்கு மட்டும் உரியதல்ல. கிண்ணியாவிலும் மூதூரிலும் யூசுப் இருப்பதுபோல, பாலையூற்றில் சூசை இருப்பார். தமிழ் வேதாகமத்தில் யோசேப்பு. கத்தோலிக்கரின் சூசை, போர்த்துக்கேயரின் உச்சரிப்பு வழியாகத் தமிழுக்கு வந்த வடிவம். சூசையப்பர் என்பவர் மரியாளின் கணவர். கிணற்றில் தள்ளப்பட்ட யோசேப்பு அவருக்கு மிகவும் முந்தியவர். ஆட்கள் வேறு, பெயர் ஒன்று. தேம்பாவணி பாடிய வீரமாமுனிவர் தம் காப்பியத் தலைவராகிய சூசையப்பருக்கு “வளன்” என்று தமிழ்ப் பெயர் சூட்டினார். கூடுவதும் பெருகுவதும் தமிழில் வளம்தானே. அது 18ஆம் நூற்றாண்டில். திருச்சியில் இருக்கும் தூய வளனார் கல்லூரியின் பெயரும் இதே யோசேப்புத்தான். நாலு பிள்ளைகள் ஒரு வகுப்பில் யூசுப், யோசேப்பு, சூசை, வளன் என்று இருந்தால், நாலு பேருக்கும் ஒரே பெயர் என்பது அவர்களுக்கே தெரியாமல் இருக்கும்.

தமிழ்நாட்டிலும் இந்தப் பெயருக்கு வரலாறு உண்டு. மருதநாயகம் என்று பலரும் அறிந்த யூசுப்கான், மதுரையை ஆண்டு, பின்னர் ஆங்கிலேயரையும் ஆற்காட்டு நவாபையும் எதிர்த்து, 1764இல் தூக்கிலிடப்பட்டார். கவிஞர் சாரணபாஸ்கரன் “யூசுப் ஜுலைகா” என்று ஒரு காப்பியமே எழுதியிருக்கிறார். குர்ஆனில் அந்தப் பெண்ணுக்குப் பெயர் இல்லை, எகிப்தியப் பெரியவர் ஒருவரின் மனைவி என்றுதான் வரும். சுலைகா என்பது பின்னால் வந்தவர்கள் வழங்கிய பெயர். குற்றம் சாட்டப்பட்ட பெண்ணின் பெயர் என்றாலும் எங்கள் முஸ்லிம் சகோதரிகள் அதைத் தங்கள் பெண்பிள்ளைகளுக்கு ஆசையோடு வைக்கிறார்கள். எனக்கு அது பிடித்திருக்கிறது.

இனிக் கதை. குர்ஆனின் 12ஆம் அத்தியாயம் முழுவதும், 111 வசனங்களும், யூசுப் பெயரில்தான் இருக்கிறது. மற்ற நபிமாரின் வரலாறு அங்கங்கே துண்டு துண்டாக வரும். இவருடையது மட்டும் தொடக்கத்திலிருந்து முடிவுவரை ஒரே இடத்தில் சொல்லப்படுகிறது. தகப்பனுக்கு யூசுப்மேல் அதிகம் பாசம் என்று பொறாமைப்பட்ட அண்ணன்மார் அவரை விளையாட அழைத்துப்போக அனுமதி கேட்கிறார்கள். நீங்கள் கவனமில்லாமல் இருக்கும்போது ஓநாய் தின்றுவிடுமோ என்று பயமாக இருக்கிறது என்கிறார் யஃகூப். போனவர்கள் பிள்ளையைக் கிணற்றில் போட்டுவிட்டு, இரவானதும் அழுதுகொண்டு திரும்பி வந்து, ஓநாய் தின்றுவிட்டது என்கிறார்கள். தகப்பன் வாய்தவறிச் சொன்ன பயத்தையே எடுத்து அவருக்குப் பதிலாகக் கொடுத்தார்கள். சாட்சிக்கு இரத்தம் தோய்ந்த சட்டையும் கொண்டுவந்தார்கள்.

யஃகூப் அதை நம்பவில்லை. இது நீங்கள் சோடித்த கதை என்று முகத்துக்கு நேரே சொல்லிவிட்டுப் பொறுமையைக் கையில் எடுத்துக்கொண்டார். அவர் எப்படிக் கண்டுபிடித்தார் என்பதற்கு விரிவுரை எழுதியவர்கள் ஒரு விளக்கம் தருகிறார்கள். சட்டையில் இரத்தம் இருந்தது, கிழிசல் இல்லை. பிள்ளையைத் தின்ற ஓநாய் சட்டையைப் பழுதில்லாமல் கழற்றி வைத்துவிட்டா போகும்?

வேதாகமத்தில் இந்த இடம் வேறுவிதமாக இருக்கிறது. அங்கே யாக்கோபு, ஆட்டின் இரத்தம் தோய்த்த அங்கியைப் பார்த்ததும் மகன் செத்துவிட்டான் என்றே நம்பி, துக்க உடை உடுத்து, யார் தேற்றியும் தேறாமல் இருக்கிறார். நம்பி அழுத தகப்பனையும் நம்பாமல் அழுத தகப்பனையும் நாங்கள் எங்கள் ஒழுங்கைகளிலேயே பார்த்திருக்கிறோம். இரண்டு பேரின் அழுகையும் உண்மையானது.

மூதூர்ச் சகோதரியின் வீட்டில் நடந்தது இரண்டாவது. அவருடைய காக்கா யூசுப் 1990ஆம் ஆண்டு காட்டுக்கு விறகுக்குப் போனவர். வரவில்லை. ஆறு மாதம் கழித்து யாரோ ஒரு சாரத்தைக் கொண்டுவந்து காட்டி, இது உங்கள் மகனுடையதுதானே என்று கேட்டிருக்கிறார்கள். வாப்பா அதைத் தொட்டுப் பார்த்துவிட்டு, இது என்ட மகன்ட சாரம் இல்லை என்று திருப்பிக் கொடுத்துவிட்டார். பிற்பாடு மரணச் சான்றிதழ் எடுத்தால் நட்டஈட்டுக்கு விண்ணப்பிக்கலாம் என்று பலரும் சொன்னார்கள். அவர் கையெழுத்து வைக்கவேயில்லை. 2014இல் அவர் மௌத்தாகும்வரை வீட்டில் அந்தப் பெயரை வேறு பிள்ளைக்கு வைக்கவும் விடவில்லை. வைத்தால் முதலாவது யூசுப் இல்லை என்று ஆகிவிடும் என்பது அவர் எண்ணம்.

அவர் பிடிவாதக்காரர் என்று ஊரில் சொன்னார்கள். யஃகூப் நபியையும் அப்படித்தான் சொன்னார்கள். அழுது அழுது அவருடைய கண்கள் வெளுத்துப் பார்வை போய்விட்டது. ஆண்டுகள் கழிந்தும் அந்தப் பெயரையே சொல்லிக்கொண்டிருக்கிறார் என்று பெற்ற பிள்ளைகளே சலித்துக்கொள்கிறார்கள். இப்படியே நினைத்துக்கொண்டிருந்தால் உடம்பு உருக்குலைந்து அழிந்துபோவீர்கள் என்கிறார்கள். முடிவில் யூசுபின் சட்டையோடு ஆட்கள் புறப்பட்டதும், அவர்கள் வந்து சேருமுன்னரே அவருக்கு மகனின் வாசம் தெரிகிறது. பழைய மயக்கம் இன்னும் தீரவில்லை என்கிறார்கள் பக்கத்தில் இருந்தவர்கள். “இன்னுமா?” என்ற கேள்வியைச் சொந்த வீட்டுக்குள்ளேயே கேட்டுக் களைத்த பெண்கள் இதை வாசிப்பார்கள் என்று எனக்குத் தெரியும். சகோதரிகளே, அந்தக் கேள்வி மிகவும் பழையது.

யஃகூப் சும்மா இருந்து காத்திருந்தவரும் அல்ல. மகன்மாரைக் கூப்பிட்டு, போய் யூசுபையும் அவனுடைய தம்பியையும் விசாரித்துத் தேடுங்கள், நம்பிக்கை இழக்காதீர்கள் என்று அனுப்பினார். பொறுமை என்றால் வாயை மூடிக்கொண்டிருப்பது என்று எங்களுக்குச் சொல்லித் தந்தவர்கள் இந்தப் பகுதியைச் சொல்லித் தரவில்லை.

இந்தக் கதையில் எனக்கு ஒரு குறை உண்டு. காணாமற்போன பிள்ளைக்காக அழுகிறவர் தகப்பன் மட்டுமே. தாயின் அழுகை இல்லை. வேதாகமப்படி, பெயர் வைத்த ராகேல் அதற்கு முன்பே இறந்துவிட்டாள். கேட்டபடி இன்னொரு மகன் கிடைத்தான். அவனைப் பெறும்போதே உயிர் போயிற்று. ஆனாலும் நெடுங்காலத்துக்குப் பின் வந்த எரேமியா தீர்க்கதரிசி, பிள்ளைகள் இல்லாமற்போனதற்காக ஆறுதல் வேண்டாம் என்று அழும் தாயை எண்ணியபோது, ராகேலின் பெயரைத்தான் சொன்னார். செத்துப்போன தாயைக்கூட எழுப்பி அழவைக்க வேண்டியிருந்தது. இங்கே எங்களுடைய கதையில் தெருவில் இருப்பவர்கள் பெரும்பாலும் தாய்மாரும் மனைவிமாரும்தான். 2017இல் கிளிநொச்சியில் தொடங்கிய காணாமல் ஆக்கப்பட்டோரின் உறவினர் போராட்டம், அதே ஆண்டில் திருகோணமலையிலும் தொடங்கியது. அதில் இருந்த தாய்மாரில் பலர் பதில் கிடைக்காமலே போய்விட்டார்கள்.

மரணச் சான்றிதழில் கையெழுத்து வைக்க மனம் வராதவர்களுக்கு 2016இல் ஒரு வழி வந்தது. இறப்புப் பதிவு தற்காலிக ஏற்பாடுகள் சட்டத்தில் அந்த ஆண்டு செய்த திருத்தத்தின்படி, ஆள் இறந்தார் என்று சொல்லாமல், காணக்கிடைக்கவில்லை என்று மட்டும் சொல்லும் சான்றிதழைப் பெறலாம். குடும்பத்துக்குரிய உதவிகள், சொத்து, பிள்ளைகளின் பொறுப்பு போன்ற விடயங்களில் அதைப் பயன்படுத்தலாம். மூதூர் வாப்பாவின் காலத்தில் இது இருக்கவில்லை. அவருக்குக் காட்டப்பட்டது ஒரே ஒரு கடதாசிதான்.

பெயரைப் பற்றி எழுதும்போது எழுத்தைப் பற்றியும் சொல்ல வேண்டும். தமிழில் சிலர் “யூசுப்” என்றும் சிலர் “யூசுஃப்” என்றும் “யூசூப்” என்றும் “யூசுபு” என்றும் எழுதுவார்கள். சிங்களத்தில் எழுதிய பதிவை ஆங்கிலத்துக்கு மாற்றி, அதைத் திரும்பத் தமிழுக்குக் கொண்டுவரும்போது ஆளே மாறிவிடுவார். அந்தச் சகோதரியின் கோவையில் அவருடைய காக்காவின் பெயர் ஐந்து விதமாக இருக்கிறது: பிறப்புச் சான்றிதழில் ஒன்று, அடையாள அட்டையில் ஒன்று, பொலிஸ் முறைப்பாட்டில் ஒன்று, ஆணைக்குழுக்களுக்குக் கொடுத்த இரண்டு மனுக்களில் இரண்டு. ஒரு பட்டியலில் இருப்பவர்தான் மற்றப் பட்டியலிலும் இருக்கிறார் என்று காட்டுவதற்கு அவர் சமாதான நீதவானிடம் சத்தியக்கடதாசி முடித்து, ஒவ்வொரு பிரதியோடும் இணைத்து வைத்திருக்கிறார். உங்கள் வீட்டிலும் இப்படி இருந்தால் இப்போதே செய்து வைத்துக்கொள்ளுங்கள். புதிதாகப் பிறந்த பிள்ளைக்கு என்றால், பதிவாளரிடம் போகுமுன் மூன்று மொழியிலும் எப்படி எழுத வேண்டும் என்று ஒரு துண்டில் எழுதிக்கொண்டு போங்கள். பாடசாலைக்கும் அடையாள அட்டைக்கும் அதே துண்டைப் பார்த்தே எழுதுங்கள்.

அடுத்த மாதம் ஒரு பெண்பிள்ளைப் பெயர்: மர்யம். மரியாள், மரியம்மா, மேரி என்று உங்கள் பகுதிகளில் எப்படியெல்லாம் வழங்குகிறது என்று எழுதி அனுப்புங்கள்.